தாய்வழி வந்த ஆண்டவர்

மகனே,

நலமா என்று கேட்டுத் தொடங்குவது என் வழக்கம். இந்த முறை கேட்கப் போவதில்லை. நீ நலமாகத்தான் இருக்கிறாய். போன வாரம் நம் கோயில் பங்கு வாட்சப் குழுவில் நீ போட்ட குரல்பதிவில் உன் தொண்டை நன்றாகவே இருந்தது. கத்தாரில் இருந்து பேசியது இங்கே கடற்கரை முழுக்கக் கேட்டது. ஐஸ் கம்பெனி வாசலில் ஒருவர் போனைச் சத்தமாக வைத்து அதைக் கேட்டுக்கொண்டிருந்தபோது நான் பக்கத்தில் மீன் வாங்கிக்கொண்டு நின்றேன். என்னைக் கண்டதும் மனிதர் பதறிப்போய் அணைக்கப் பார்த்தார். "அணைக்காதீரும் அண்ணாச்சி, எம் மவன்தான் பேசுதான். முழுசாக் கேளும்" என்றேன். அவருக்கும் வேறு வழியில்லை, எனக்கும் வேறு வழியில்லை. இரண்டு பேரும் நின்று முழுசாகக் கேட்டோம். நீ ஊர் காதில் விழும்படி பேசியதால் நானும் ஊர் கண்ணில் படும்படி இதை எழுதுகிறேன். தட்டச்சு செய்து அதே குழுவில் போடச் சொல்லப் போகிறேன். பிழை இருந்தால் திருத்திக்கொள். எத்தனையோ பிள்ளைகளுக்குத் தமிழ் எழுத்து சொல்லிக்கொடுத்தவள் நான், பெரிதாகப் பிழை இருக்காது.

வெளியூர்க்காரர்களும் படிப்பார்கள், விசயத்தை முதலில் சொல்லிவிடுகிறேன். நம் கோயிலில் பெரிய வெள்ளியன்று குருசில் தொங்கும் ஆண்டவரை இறக்குவார்கள். ஆள் உயரத்துக்கு மரத்தில் செய்த சுரூபம். தோள்மூட்டில் தோல் வைத்துத் தைத்திருப்பதால், ஆணியைப் பிடுங்கியதும் இரண்டு கைகளும் உயிர் போனவன் கைகளாகவே தொங்கிவிடும். அந்த நிமிசத்தில் அழாத ஆளை நான் பார்த்ததில்லை. மேலே நிற்பவர்கள் வெள்ளைத் துணியைக் கக்கத்தில் கொடுத்து மெதுவாக இறக்க, கீழே ஒருவர் நின்று தலையையும் தோளையும் ஏந்திக்கொள்வார். ஏந்தியவர் அவரை, மகனை இழந்து நிற்கும் வியாகுல மாதா சுரூபத்தின் முன்னால் கொண்டுபோய்க் கொஞ்ச நேரம் வைத்திருந்து, பிறகு ஆசந்தி என்று நாம் சொல்லும் பாடையில் கிடத்துவார். கீழே நின்று ஏந்துகிற உரிமை உன் அப்பாவின் குடும்பத்துக்கு. ஏன் அவர்களுக்கு என்பதற்கு ஒரு கதை உண்டு. அதற்குப் பிறகு வருகிறேன், ஏனென்றால் அந்தக் கதையைத்தான் நீ பாதியில் வெட்டி விற்றிருக்கிறாய்.

பெரிய வெள்ளிக்கு முன் நோன்பிருக்கும் தவசு காலம், உன் அப்பா போன பிறகு வருகிற முதலாவது இது. இந்த வருடம் ஏந்தப்போவது யார் என்று வீட்டுக்குப் பெரியவளாக நான் பேர் சொல்ல வேண்டும் என்று ஊர்க் கமிட்டி கேட்டது. கேட்க வேண்டிய அவசியம்கூட இல்லை. அப்பாவின் கை நடுங்கத் தொடங்கிய நாளில் இருந்து உன் அக்கா ரோஸ்லின் மகன் ஆன்டோதான் ஏந்துகிறான். ஊருக்கே தெரியும். ஒரு மரியாதைக்குக் கேட்டார்கள். அதற்குள் நீ குழுவில் முழங்கிவிட்டாய். "உப்பளத்தான் மவன் ஆண்டவரத் தொடுததுக்கு, எங்க வகையறா என்ன செத்தா போச்சி? ஆம்பிளப் பிள்ள நான் உசுரோட இருக்கேன். மகவழிப் பேரன் எங்க ரத்தம் கிடையாது. லீவு போட்டுட்டு நானே வாரேன்." இதுதான் நீ சொன்னது. உன் வார்த்தையில் ஒன்றைக்கூட நான் மாற்றவில்லை.

உப்பளத்தான் என்று நீ சொன்னது உன் மச்சான் செல்வராஜை. உன் அக்காவைக் கட்டிக்கொண்ட நாளில் இருந்து இன்றுவரை உன்னைப் பெயர் சொல்லிக்கூடக் கூப்பிடாமல் மாப்பிள்ளை, மாப்பிள்ளை என்று அழைக்கிற மனிதர். உப்பு லாரி ஓட்டுகிறவர் என்பதும், கடற்கரையில் பிறக்காமல் உள்பக்கத்தில் பிறந்தவர் என்பதும் உனக்கு இப்போதுதான் ஞாபகம் வந்திருக்கிறது. உன் கல்யாணத்துக்குப் பந்தல்கால் நட்டதில் இருந்து கடைசி ஆளைப் பேருந்து ஏற்றிவிட்டதுவரை ஓடி ஓடிச் செய்தபோது அவர் எந்த ஊர் ஆளாக இருந்தார்? வெட்கமாக இருக்கிறதடா. இதை வேறு எப்படி எழுதுவது என்று எனக்குத் தெரியவில்லை.

ரோஸ்லின் அந்தப் பதிவைக் கேட்டபோது மீன் ஆய்ந்துகொண்டிருந்தாள். கேட்டு முடித்துப் போனைக் கவிழ்த்து வைத்தாள். மீனை முழுக்க ஆய்ந்து, கழுவி, கையை எலுமிச்சைத் தோலால் தேய்த்துவிட்டு மகனைக் கூப்பிட்டாள். "ஏலே, இந்த வருசம் நீ போவாண்டாம். மாமா வாரான், அவனே ஏந்தட்டும்." துறைமுகத்தில் பெரிய பெரிய கண்டெய்னர்களைக் கிரேனில் தூக்கி வைக்கிற ஆன்டோ, தலையைக் குனிந்துகொண்டு, "சரிம்மா, மாமாவுக்குத்தான உரிம. நான் பின்னால நின்னுக்கிடுதேன்" என்றான். அவன் கோபப்பட்டிருந்தால் எனக்கு இவ்வளவு கோபம் வந்திருக்காது. நீ அவனைத் தொடாதே என்கிறாய், அவன் உனக்கு வழிவிட்டு ஒதுங்குகிறான். இதைப் பார்த்துக்கொண்டு வாயை மூடி உட்கார்ந்திருக்க நான் என்ன சுரூபமா?

அன்றைக்கே மத்தியானம் உனக்குப் போன் செய்தேன். சண்டை போட இல்லை. குரல்பதிவை அழித்துவிட்டு அக்காவிடம் ஒரு வார்த்தை பேசு என்று சொல்லத்தான். நீ என்ன சொன்னாய்? "அம்மா, நீங்க வெளியிலருந்து வந்தவிய. இது எங்க வகையறா விசயம். ஒங்களுக்குப் புரியாது." சொல்லிவிட்டு, மீட்டிங் இருக்கிறது என்று வைத்துவிட்டாய். நான் மணப்பாட்டில் இருந்து கல்யாணமாகி இந்த வீட்டுக்கு வந்தவள். உண்மைதான். உன்னை வயிற்றில் சுமந்ததும் அந்த வெளியில் இருந்து வந்தவள்தான். வலித்தது மகனே. அதைச் சுற்றி வளைத்துச் சொல்ல எனக்கு விருப்பமில்லை.

நீ மறைக்கல்வி வகுப்பில் முதல் பரிசு வாங்கியவன். பரிசைக் கொண்டுவந்து அலமாரியில் வைத்துவிட்டு, கேள்வி கேட்கச் சொல்லி என் பின்னாலேயே திரிவாய். கடவுள் எதற்காக மனிதர் ஆனார் என்று கேட்டால் மூச்சு விடாமல் ஒப்பிப்பாய். முழுமையாகக் கடவுள், முழுமையாக மனிதர், ஒன்று மற்றொன்றைக் குறைக்கவில்லை, ஒன்று மற்றொன்றோடு கலந்துவிடவும் இல்லை. அடேயப்பா, பங்குச் சாமியாரே மலைத்துப்போவார். எனக்கும் பெருமையாகத்தான் இருந்தது. அந்தப் பதிலில் ஒன்றைக்கூட நீ நம்பவில்லை என்பது இந்த வயதில்தான் எனக்குத் தெரிகிறது. அந்தப் பாடம் உனக்குப் பரிசு வாங்கப் பயன்பட்டது. அதோடு அதன் வேலை முடிந்துவிட்டது.

என்னோடு வேலை பார்த்த ரஹ்மத் டீச்சர் உனக்கு ஞாபகம் இருக்கும். காயல்பட்டினத்தில் இருந்து பேருந்தில் வருவார், பெருநாளைக்கு நமக்கு அடுக்குப் பாத்திரம் நிறையச் சாப்பாடு கொண்டுவருவார். ஒரு கிறிஸ்துமசுக்கு நம் வீட்டில் குடில் ஜோடித்திருந்ததைப் பார்க்க வந்தார். வைக்கோலில் கிடந்த பாலனை வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தவர், "டீச்சர், ஒண்ணு கேட்டா கோவிச்சிக்கிட மாட்டியளே?" என்றார். கேளுங்கள் என்றேன். "படைச்சவன் பசிச்சு அழுதான், பால் குடிச்சான், படுக்கைய நனைச்சான்னு சொல்லுதிய. அத எப்படி மனசு ஒத்துக்கிடுது? எங்களால நெனச்சிப் பாக்கக்கூட முடியலயே" என்றார். "எங்களாலயும் முடியல டீச்சர். ஆனா அப்படித்தான் சொல்லுதோம்" என்றேன். இருவரும் சிரித்துவிட்டோம். அவர் கடைசிவரை அதை ஏற்கவில்லை, நானும் ஏற்க வைக்கப் பார்க்கவில்லை. ஆனால் அந்தக் கேள்வியை அவர் முழுசாக எடுத்துக்கொண்டார். கடவுள் உடம்பு எடுத்தார் என்றால் அது எவ்வளவு பெரிய, எவ்வளவு தாங்கமுடியாத பேச்சு என்று அவருக்குத் தெரிந்திருந்தது. அதனால்தான் மறுத்தார். நீ ஞாயிறு தவறாமல் அதை விசுவசிக்கிறேன் என்று சொல்லிவிட்டு வெளியே வந்து மறுக்கிறாய். இரண்டு பேரில் நேர்மையான ஆள் யார் என்று என்னைக் கேட்டால், யோசிக்காமல் டீச்சர் பேரைச் சொல்வேன்.

அவர் உடம்பு எடுத்தார் என்கிறோமே, எங்கே இருந்து எடுத்தார்? இதை நீ ஒரு நாளாவது யோசித்துப் பார்த்திருக்கிறாயா? வானத்தில் இருந்து தைத்து எடுத்து வந்த சட்டையா அது? மாதாவைக் கட்டிய சூசையப்பர் நல்லவர், காப்பாற்றினார், தச்சு வேலை சொல்லிக்கொடுத்தார், எல்லாம் சரி. ஆனால் அந்த உடம்பில் அவருக்குப் பங்கு கிடையாது. அது நம் விசுவாசத்தின் அடித்தளம், நான் சொல்லும் புதுக் கதை இல்லை. அந்த ரத்தம், அந்த எலும்பு, அந்தத் தோல், ஆணி இறங்கிய அந்தக் கை, எல்லாமே ஒரு பெண்பிள்ளை கொடுத்தது. ஆண் வழி என்று ஒன்று அவருக்குக் கிடையவே கிடையாது. அப்படிப்பட்டவருடைய உடம்பைத் தொட, ஆண் வழியில் வந்தவனுக்கு மட்டும்தான் உரிமை என்று நீ குழுவில் அறிவிக்கிறாய். மகள் வழி வந்தது ரத்தமே இல்லை என்றால், குருசில் சிந்தியது யாருடைய ரத்தம்? பரிசு வாங்கிய வாயால் பதில் சொல். நான் காத்திருக்கிறேன்.

உங்களுக்கெல்லாம், உனக்கும் உனக்குக் கட்டைவிரல் தூக்கிக் காட்டிய அந்த நாலு பேருக்கும், கடவுள் மனிதர் ஆனதே பிடிக்கவில்லை. மனிதர் ஆனால் மட்டும் போதாது, உங்கள் வகையறாவில் ஆகியிருக்க வேண்டும். உள்பக்கத்து ஆள் தொடக்கூடாது, பெண்ணடி வந்தவன் தொடக்கூடாது. இப்படியே ஒவ்வொரு கையாகத் தட்டிவிட்டால் அவரை யார்தான் இறக்குவது? அங்கேயே தொங்கட்டும் என்று விட்டுவிடுவீர்களா? இந்த உலகத்தில் எந்தக் கையிலும் விழத் தயாராக வந்தவருக்கு நீங்கள் பாதுகாப்பு அதிகாரி வேலை பார்க்கிறீர்கள். உன் கம்பெனியில் அந்த வேலையை நீ நன்றாகச் செய்கிறாய் என்று கேள்வி. அதைக் கோயிலுக்குள் கொண்டுவராதே.

இப்போது அந்தக் கதைக்கு வருகிறேன். உன் குரல்பதிவில் நீ அதை எப்படிச் சொன்னாய்? ஆண்டவர் வந்த கப்பல் கடலடிப் பாறையான பாரில் மோத, சுரூபம் கடலில் போயிற்று, முத்துக்குளிக்கும் எங்கள் பாட்டன் முங்கிப்போய் ஆண்டவரைத் தூக்கி வந்தான், அதனால் ஆண்டவர் எங்களுக்குச் சொந்தம். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் உன் அப்பா இந்தக் கதையைச் சொல்லும்போது படகில் இன்னொரு ஆள் இருந்தான். அந்த ஆளை நீ எங்கே கொண்டுபோய்ப் போட்டாய்?

உன் அப்பா தோணியை நடத்துகிற தண்டலாக இருந்தவர். மாலத்தீவுக்கும் இலங்கைக்கும் சரக்குத் தோணி கொண்டுபோய் வந்தவர், பேச்சு குறைவு. ஆனால் முத்துக்குளித்த அந்தக் காலத்துக் கதை என்றால் மட்டும் விரித்துச் சொல்வார். குளிக்கிறவன் இடுப்பில் கயிறு கட்டிக் கல்லோடு இறங்குவான். அந்தக் கயிற்றின் மறுமுனை படகில் ஒருவன் கையில் இருக்கும். கீழே இருந்து அசைத்தால் மேலே இழுக்க வேண்டும். அவன் ஒரு நிமிசம் கண்ணயர்ந்தாலோ, மனம் மாறினாலோ, கீழே போனவன் கீழேயே. இந்தக் கயிற்றைச் சொந்த அண்ணன் தம்பி கையில் கொடுப்பதில்லை, மச்சான் கையில்தான் கொடுப்பார்கள். கல்யாணமான புதிதில் எனக்கு இது ஆச்சரியமாக இருந்தது. கூடப்பிறந்தவனை விட்டுவிட்டு ஏன் மச்சான் என்று கேட்டேன். உன் அப்பா சிரித்தார். "ஏளா, தம்பிக்காரன் கையில குடுத்தா, இவன் போயிட்டா படகு நமக்குத்தானன்னு ஒரு நெனப்பு வந்தாலும் வரும். மச்சான்னா, அக்கா தாலி அறுத்திரக் கூடாதுன்னு கண்ணச் சிமிட்டாம இருப்பான். பொம்பள வழிக் கையிலதான் ஆம்பள உசுர விடலாம்."

அன்றைக்கு அந்தப் பாட்டன் இறங்கினபோதும் கயிற்றைப் பிடித்திருந்தவன் அவருடைய மனைவியின் தம்பிதான். பாட்டன் கீழே சுரூபம் வந்த பெட்டியைக் கண்டதும் பலகையை உடைத்து ஆண்டவரைக் கட்டிப் பிடித்துக்கொண்டார். மூச்சு முடிந்துவிட்டது. கயிற்றை அசைக்கக் கையில்லை, இரண்டு கையும் ஆண்டவரைச் சுற்றி இருந்தன. விட்டுவிட்டு வர மனமில்லை. மேலே மச்சானுக்கு ஒரு அசைவும் தெரியவில்லை. மற்றவர்கள் பொறு என்றார்களாம். அவன் கேட்கவில்லை. எங்க அக்கா வீட்டுக்காரரு இவ்வளவு நேரம் மூச்சடக்க மாட்டாரு என்று சொல்லிக் கயிற்றை இழுத்தான். கனம் தாங்காமல் உள்ளங்கைத் தோல் கிழிந்ததாம். மேலே வந்தது இரண்டு பேர், நினைவில்லாத பாட்டனும் அவர் கட்டிப் பிடித்திருந்த ஆண்டவரும். கடலில் இருந்து ஆண்டவரை ஏற்றியது யார் கை என்று இப்போது சொல். பாட்டனைப் பிழைக்க வைத்து, அவர் பிள்ளை, பேரன் என்று உன்வரைக்கும் வரவைத்தது யார் கை? இந்தக் கதையில் செல்வராஜ் யார், நீ யார் என்று கொஞ்சம் உட்கார்ந்து நினைத்துப் பார். மச்சான் இல்லாத முத்துக்குளிப்பை உன் அப்பாவுக்குத் தெரியாது. உனக்கு மட்டும் எப்படித் தெரிந்தது?

ஆன்டோவுக்கு ஞானஸ்நானம் கொடுத்த அன்று அவனை மடியில் வைத்துக்கொண்டு முன்வரிசையில் உட்கார்ந்திருந்தவன் நீ. தாய்மாமன் என்று சொல்லி உனக்கு மாலை போட்டார்கள், வேட்டி சட்டை வைத்தார்கள், முதல் பந்தியில் உட்கார வைத்தார்கள். அவன் உன் சட்டையில் கக்கி வைத்தபோது, "எம் மருமவன் எனக்கு முத்திர போட்டுட்டான்" என்று எல்லாரிடமும் காட்டித் திரிந்தாய். தாய்மாமன் என்ற மரியாதை எந்த வழியில் உனக்கு வந்தது மகனே? உன் அப்பா வழியிலா? அவனுடைய அம்மா உன் கூடப்பிறந்தவள் என்பதால் வந்தது. மாலை வாங்கும்போது பெண் வழி சொந்தம், ஆண்டவரை ஏந்தும்போது அது ஒன்றுமில்லை. நல்ல கணக்கு உன் கணக்கு.

அப்பா முதலில் உன்னைத்தான் கேட்டார், அதையும் ஊர் தெரிந்துகொள்ளட்டும். கை நடுங்கத் தொடங்கியபோது, "எய்யா, இந்த வருசம் நீ வந்து நில்லு" என்று என் போனில் இருந்தே உன்னிடம் பேசினார். லீவு கிடைக்காது என்றாய். பிழைப்பு அப்படி, நான் அதற்கு உன்னைக் குறை சொல்லவில்லை. அந்தப் பெரிய வெள்ளி அவரே நின்றார். சுரூபத்தின் தலை கையில் இறங்கினதும் முழங்கை மடங்கிவிட்டது. கூட்டம் ஐயோ என்றது. ஆன்டோ பெஞ்சைத் தாண்டி ஓடி, தாத்தாவின் கைகளுக்குக் கீழே தன் கைகளைக் கொடுத்தான். இருவரும் சேர்ந்து மாதா முன்னால் கொண்டுபோனார்கள். வீட்டுக்கு வந்ததும் அப்பா கட்டிலில் உட்கார்ந்து அவன் கையைப் பிடித்துப் புரட்டிப் புரட்டிப் பார்த்தார். "இனிமே நீதாம்ல" என்றார். அவன் எந்த வழிப் பேரன் என்று அவர் யோசித்ததாக எனக்குத் தெரியவில்லை.

நேற்று ஞாயிறு பூசை முடிந்ததும் கமிட்டி கூடியது. என்னை வரச் சொல்லியிருந்தார்கள். பள்ளிக்கூட ஹாலில் ஆண்கள் எல்லாரும் நாற்காலியில், எனக்கும் ஒரு நாற்காலி போட்டிருந்தார்கள். புதிதாக வந்திருக்கும் இளம் சாமியார் ஓரமாக உட்கார்ந்திருந்தார். தலைவர் தொண்டையைச் செருமிக்கொண்டு, "அம்மா, ஒங்க மவன் பேசுனதக் கேட்டிருப்பிய. ஆண்வாரிசு இருக்கையில மகவழிப் பேரன்... ரத்த சொந்தம்தானான்னு சில ஆட்கள் கேக்காவ" என்றார். கேட்டது அவர்தான், சில ஆட்கள் என்பது மரியாதைக்கு. நான் எழுந்து நின்றேன். வகுப்பில் நிற்கிற பழக்கம் போகவில்லை.

"அந்தச் சுரூபத்துல இருக்கது யாரு ரத்தம்?" என்று கேட்டேன்.

"ஆண்டவர் ரத்தம்" என்றார் தலைவர்.

"அது அவருக்கு யார்ட்டருந்து வந்திச்சி?"

அவர் சாமியாரைப் பார்த்தார். சாமியார் என்னைப் பார்த்தார். பின்வரிசையில் யாரோ, "மாதாட்டருந்து" என்றார்கள். "அவியளும் வெளியிலருந்து வந்தவியதான? சூசையப்பர் வீட்டுக்குக் கல்யாணம் ஆயி வந்தவிய. அப்ப அவியளுக்கும் பிள்ளைக்கும் சொந்தம் இல்லன்னு எழுதிக்கிடுங்க. எழுதிட்டு அந்த வியாகுல மாதாவக் கோயிலுக்கு வெளிய தூக்கி வையுங்க. அதுக்குப் பொறவு எம் பேரன ஒதுக்குங்க" என்றேன். சாமியார் மெதுவாக எழுந்து, "பேரச் சொல்லுங்கம்மா" என்றார். ஆன்டோ என்றேன். தகப்பன் பேரும் சேர்த்து, செல்வராஜ் மகன் ஆன்டோ என்று எழுதச் சொன்னேன். எழுதினார்கள்.

வீட்டுக்கு வந்து ஆன்டோவிடம் சொன்னேன். "மாமாவுக்குக் கோவம் வருமே பாட்டி" என்றான். வரட்டும் என்றேன். எனக்கு வந்த கோபம் அவனுக்கும் கொஞ்சம் வரட்டும். ரோஸ்லின் எழுந்து அடுப்படிக்குள் போய்விட்டாள். அவள் அழுதாளா, இல்லையா என்று நான் எட்டிப் பார்க்கவில்லை.

நீ டிக்கெட் போட்டுவிட்டாய் என்று சொன்னார்கள். ரத்து செய்யாதே. உன் மேல் எனக்கு இன்னும் ஆத்திரம் தீரவில்லை, நீ வந்து இறங்கும் நாளிலும் தீர்ந்திருக்கும் என்று சத்தியம் செய்ய மாட்டேன். இருந்தாலும் உன்னைப் பார்க்க வேண்டும் போலத்தான் இருக்கிறது. உன் வலது காது மடல் கொஞ்சம் மடங்கி இருக்குமே, அது மணப்பாட்டில் இருந்த என் அப்பாவின் காது. மஞ்சள் காமாலையில் நீ கண்ணாடிப் பெட்டிக்குள் கிடந்தபோது அந்தக் காதைப் பார்த்துத்தான் இது நம் பிள்ளை, பிழைத்துவிடும் என்று நர்சிடம் சண்டை போட்டேன். நாளைக்குச் சவரம் செய்யும்போது கண்ணாடியில் கொஞ்சம் பக்கவாட்டில் திரும்பிப் பார்.

பெரிய வெள்ளியன்று கோயிலுக்கு வா. அங்கே யார் வேண்டுமானாலும் வரலாம், யாரையும் கேள்வி கேட்க மாட்டார்கள். வீட்டுக்கு வருவதாக இருந்தால், நான் உனக்கு யார் என்று வாசலில் நின்று சொல்லிவிட்டு உள்ளே வா.

அம்மா